பசம்மா ஏறக்குறையத் தரையிறங்கிய வரலாறு

மூடநம்பிக்கை ஒரு துளிகூடக் கலக்காமல் எடுக்கப்பட்ட உலகின் ஒரே பேய்ப்பட வரிசை மைசூரில் எடுக்கப்பட்டதுதான் என்று அதன் இயக்குநர் மகேந்திரன் இதுவரை ஏழு பத்திரிகையாளர் சந்திப்புகளில் சொல்லியிருக்கிறார். அந்த வரிசையில் பேயாக நடித்த தேவம்மா முதல் பாகத்தின் பதினோராம் நாள், மதியம் இரண்டே காலுக்கு, தரையை விட்டு நாலு விரற்கடை மேலே போனார். இன்றுவரை முழுதாக இறங்கவில்லை. இரண்டு செய்திகளும் ஒரே நாளிதழில் ஒரே பக்கத்தில் வந்தவை. அன்று மைசூர் அக்ரஹாரம் பகுதியில் தூறல். மல்லிகை முழம் இருபது ரூபாய்.

மகேந்திரன் அக்ரஹாரத்தில் கல்யாண வீடியோ எடுப்பவர். கொள்ளேகால் பக்கத்துக் குடும்பம். கல்லூரியில் பகுத்தறிவு மன்றத்தின் செயலாளராக இருந்தார். மன்றத்தில் வேறு உறுப்பினர் இல்லாததால் தேர்தல் எப்போதும் அமைதியாக நடந்தது. ஆடிக்கு இணையான ஆஷாட மாதத்தில் மைசூரில் யாரும் கல்யாணம் வைப்பதில்லை. ஒரு மாதம் கேமரா சும்மா கிடக்கும், விளக்குகள் சும்மா கிடக்கும், கல்யாண மண்டபங்களில் பூனை குட்டி போடும். இந்த வழக்கம் மூடநம்பிக்கை என்று மகேந்திரன் பலமுறை எழுதிப் பார்த்தார். யாரும் கேட்கவில்லை. சரி, அதே மூடநம்பிக்கையை வைத்து ஒரு பேய்ப்படமாவது எடுப்போம் என்று 2017ஆம் ஆண்டு ஆஷாடத்தில் கால்வாசி வாடகைக்கு ஒரு மண்டபம் பிடித்தார். மணமகள் அறை பேயின் அறை ஆயிற்று. சாமராஜநகரில் மஞ்சள் மண்டி வைத்திருக்கும் காளிதாஸ் தயாரிப்பாளர். முதல் நாள் கேமரா முன்னால் உடைக்கச் சொல்லி அவர் ஒரு பூசணிக்காய் அனுப்பினார். மகேந்திரன் அதைச் சமையல்கட்டுக்கு அனுப்பிச் சாம்பாரில் போடச் சொன்னார். சாம்பார் வைத்தவர் தேவம்மா.

தேவம்மா கொள்ளேகாலுக்கு அப்பால் உள்ள கௌதள்ளிக்காரர். இருபத்திரண்டு வருடம் மைசூரின் கட்டடங்களில் சித்தாளாகக் கான்கிரீட் சட்டி சுமந்து மாடி மாடியாக ஏறியவர். ஊரில் பாதி மாடிகளை, அவை வீடாக ஆவதற்கு முன்பே அவர் பார்த்திருக்கிறார். இரண்டு முட்டியும் தேய்ந்துபோய் இனி ஒரு படிகூட ஏற முடியாது என்றான பிறகுதான் சமையல் வேலைக்கு வந்தார். பேயாக நடிக்கப் பெங்களூரிலிருந்து வந்திருந்த நடிகை மூன்றாம் நாள் மணமகள் அறையில் ஒரு பல்லியைப் பார்த்துவிட்டு அலறிக்கொண்டே பஸ் ஏறிவிட்டார். அன்று மதியம் தேவம்மா சாம்பார் வாளியோடு கூடத்தைக் கடந்தார். தலையில் ஒன்றும் இல்லாதபோதும் சட்டி இருப்பதுபோலக் கழுத்தை அசைக்காமல் நடப்பது அவர் வழக்கம். கேமராவுக்குள் அதைப் பார்த்த ஒளிப்பதிவாளர் மஞ்சுநாத் இரண்டடி பின்னால் போனார். பசம்மா என்ற பேய் அப்படித்தான் கிடைத்தது. படத்தின் பெயர் ‘பசம்மா வந்துட்டா’.

சினிமாக்காரர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. பாடையில் பிணமாகப் படுத்து நடித்தவர், காட்சி முடிந்ததும் அப்படியே எழுந்து போய்விடக் கூடாது. ஓடிக்கொண்டிருக்கும் கேமராவைப் பார்த்து ஒருமுறை சிரித்துவிட்டுத்தான் இறங்க வேண்டும். மேலே கணக்குப் பார்க்கிறவர்களுக்கு, இது நடிப்புதான், ஆள் உயிரோடு இருக்கிறார் என்று தெரிவிப்பதற்காக. மஞ்சுநாத் பெரிய ஸ்டுடியோக்களில் பாடம் படித்தவர். பசம்மா சாகும் காட்சி முடிந்ததும் ஒரு விரலைத் தூக்கினார்.

“ஸார், ஒந்து சிரிப்பு. ஒந்தே ஒந்து. அஞ்சு செகண்ட்.”

“எதுக்கு?”

“எமன் நெஜம்னு நெனச்சுக் கூட்டிட்டுப் போயிடுவான் ஸார்.”

“மஞ்சு, இது டிஜிட்டல் கேமரா. எமன் எந்த ஃபோல்டர்ல இருக்கான், காட்டு. கட்!”

தேவம்மா பாடையிலிருந்து எழுந்து காலைக் கீழே வைத்தார். கால் போய்ச் சேரவில்லை. அதை அவர் கவனிக்கவே இல்லை. அவர் கவனித்தது முட்டியை. “அய்யோ, வலி போச்சுங்க! ரெண்டும் போச்சுங்க!” என்று கூடத்தை மூன்று சுற்றுச் சுற்றி வந்தார். காலடிச் சத்தம் கேட்கவில்லை என்பதை முதலில் சொன்னது அவர் மகள் தாரணி. அப்போது பி.காம் முதல் வருடம். பேச்சு பாதி கன்னடம். மகேந்திரன் குனிந்து பார்த்தார், தரைக்கும் காலுக்கும் நடுவே ஒரு ஸ்கேலை விட்டுப் பார்த்தார், பிறகு தீர்ப்புச் சொன்னார்: “வாயு. வயித்துல வாயு சேந்தா உடம்பு லேசாயிடும். இஞ்சி தட்டிப் போட்டுக் குடிங்க, எறங்கிடும்.” தேவம்மா குடித்தார். நன்றாக இருந்தது. இறங்கவில்லை.

இதில் யாருக்கும் நஷ்டம் இல்லை என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். பேய்க்குக் கால் தரையில் படாது என்பது ஊரறிந்த விஷயம். மற்ற படங்களில் அதற்குக் கம்பி கட்டுவார்கள், இங்கே கம்பி மிச்சம். படம் கொள்ளேகாலில் எட்டு வாரம் ஓடியது. ஆனால் தேவம்மாவுக்கு மட்டும் ஒரு வேலை பாக்கி இருந்தது. முட்டி வலி போனால் ஆஷாட வெள்ளிக்கிழமை ஒன்றில் சாமுண்டி மலையின் ஆயிரத்துச் சொச்சம் படிகளுக்கும், ஒரு படி விடாமல், தன் கையால் மஞ்சள் குங்குமம் வைப்பதாக அவர் வேண்டியிருந்தார். வலி போய்விட்டது. அம்மன் தன் பங்கை முடித்துவிட்டாள். இனி இவர் முறை.

இங்கேதான் மகேந்திரனின் கொள்கை குறுக்கே வந்தது. வெள்ளிக்கிழமை சாவுக் காட்சி எடுக்கக் கூடாது என்பது மூடநம்பிக்கை. ஆகவே அவர் வெள்ளிக்கிழமைகளில் மட்டுமே சாவுக் காட்சி எடுத்தார். ஆஷாடத்தில் நாலு வெள்ளி, சில வருடம் ஐந்து. நாலைந்திலும் தேவம்மா பாடையில் இருந்தார். “இந்தப் பாகம் முடியட்டும்மா, அடுத்த வருஷம் நானே கூட்டிட்டுப் போறேன்” என்பார் மகேந்திரன். அடுத்த வருஷம் ‘பசம்மா மறுபடியும் வந்துட்டா’ வந்தது. அதில் பசம்மா மறுபடியும் செத்தார், மஞ்சுநாத் மறுபடியும் விரலைத் தூக்கினார், மகேந்திரன் மறுபடியும் கட் சொன்னார், தேவம்மா ஒரு சாண் உயரத்துக்குப் போனார். ‘பசம்மா போகவே இல்ல’ எடுத்தபோது ஒரு முழம். 2020இல் ஊரடங்கு என்று எல்லோரும் வீட்டிலேயே இருந்தார்கள், மலைப்படியும் மூடிக் கிடந்தது. அதற்கடுத்து ‘பசம்மா: ஆரம்பம்’. பசம்மா சாவதற்கு முந்தைய கதை என்பதால் இதிலாவது சாக மாட்டார் என்று நம்பி தேவம்மா கையெழுத்துப் போட்டார். கடைசிக் காட்சியில் கொன்றுவிட்டார்கள். ஓர் ஆள் உயரம். ‘பசம்மாவும் மந்திரியும்’ படத்தில் மாடி உயரம். 2023இல் ‘பசம்மா: முடிவு’. தென்னை மர உயரம்.

உயரத்தில் இருப்பதை தேவம்மா குறையாக எண்ணினார் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. அக்ரஹாரத்தில் அவருக்கு வேலை ஓயவில்லை. தேங்காய் பறித்தார், தண்ணீர்த் தொட்டிகளை எட்டிப் பார்த்து யார் வீட்டில் பாசி பிடித்திருக்கிறது என்று தெருவுக்கே கேட்கும்படி சொன்னார், கோயில் கோபுரத்தின் உச்சி பல்பை மாற்றினார், காத்தாடி சிக்கிய பிள்ளைகளுக்கெல்லாம் அத்தை ஆனார். தசரா ஊர்வலத்துக்குப் பாஸ் கிடைக்காத நூற்று நாற்பது பேர் போனைக் காதில் வைத்துக்கொண்டு தெருவில் நிற்க, அவர் மேலிருந்து ஆனை வருகிறது, ஆனை திரும்புகிறது, ஆனை சாணி போடுகிறது என்று ஒன்றுவிடாமல் சொன்னார். வெளியே போக வேண்டுமென்றால் தாரணி அம்மாவின் இடுப்பில் நைலான் கயிறு கட்டி, மறுமுனையை ஸ்கூட்டரில் முடிந்து ஓட்டுவாள். ஒருமுறை சிக்னலில் நிறுத்தி, பின்னால் வருபவருக்கு ஹெல்மெட் எங்கே என்று கேட்டார்கள். வண்டியில் உட்காராதவரைப் பின்னால் உட்கார்ந்தவர் என்று எழுதலாமா கூடாதா என்று இரண்டு காவலர்கள் இருபது நிமிடம் விவாதித்தார்கள். அதற்குள் சிக்னல் ஒன்பது முறை பச்சையாகி முடிந்திருந்தது.

ஆனால் தென்னை உயரத்திலிருந்து சாமுண்டி மலை நன்றாகத் தெரிந்தது. ஆஷாட வெள்ளிக்கிழமைகளில் பெண்கள் தட்டோடு குனிந்து குனிந்து படியேறுவது தெரிந்தது. பின்னே மஞ்சளாகிக்கொண்டு வரும் படி, முன்னே சாம்பலாகவே மிச்சமிருக்கும் படி. தேவம்மா அங்கிருந்தே படிகளை எண்ணுவார். ஒருநாள் மகேந்திரனுக்குப் போன் போட்டார்.

“அடுத்த பாகத்துலயும் சாகோணுங்களா?”

“ஒரே ஒரு தடவைம்மா. சின்னச் சாவுதான்.”

“இன்னொருக்காச் செத்தேன்னா மலைக்கும் மேல போயிருவனுங்க. அப்புறம் அந்த அம்மா என்னைய அண்ணாந்து பாக்கோணும். அது மரியாதைங்களா?”

மகேந்திரன் வாயுவைப் பற்றி விசாரித்தார்.

இதற்குள் தாரணி படிப்பை முடித்து, மகேந்திரன் கடையிலேயே எடிட்டிங் கற்று, நாலாம் பாகத்திலிருந்து படங்களை வெட்டி ஒட்டுபவளாக ஆகியிருந்தாள். அம்மாவின் போனை மகேந்திரன் பக்கத்திலிருந்து கேட்டவள், பழைய ஹார்ட் டிஸ்குகளை எல்லாம் எடுத்து ஆறு சாவுகளையும் வரிசையாகப் போட்டுப் பார்த்தாள். ஆறிலும் கடைசி நொடியில் திரையின் ஓரத்தில் மஞ்சுநாத்தின் ஒற்றை விரல் நீள்கிறது. ஆறிலும் மகேந்திரனின் குரல் கட் என்கிறது. ஆறிலும் சிரிப்பு இல்லை. அவள் கம்ப்யூட்டரை அணைத்துவிட்டு இயக்குநரின் அறைக்குப் போனாள்.

“ஸார், எங்கம்மா ஆறு சிரிப்பு சிரிக்கணும். அதுவரைக்கும் ஏழாவது பார்ட்ட நான் தொட மாட்டேன்.”

“தாரணி, நீ படிச்ச பொண்ணு.”

“அதுக்கேதான் ஸார் டேட்டா பாத்துட்டு வந்து சொல்றேன்.”

மகேந்திரன் மூன்று நாள் யோசித்தார். கொள்கை ஒருபக்கம். மறுபக்கம், ஆறாம் பாகத்தில் பேய் சட்டகத்துக்குள் அடங்கவே இல்லை. கதாநாயகன் அலறினால் கேமரா அண்ணாந்து பார்க்க வேண்டும். அண்ணாந்தால் கதாநாயகன் இல்லை. ஹனூர் கொட்டகையில் ஜனங்கள் “பேய் எங்கப்பா?” என்று கேட்டு, மேலே என்று தெரிந்ததும் கொட்டகையின் கூரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். கழுத்து வலிக்கு டிக்கெட் காசைத் திருப்பிக் கேட்டவர்களும் உண்டு. நாலாம் நாள் படப்பிடிப்புத் தாள் அச்சாகி வந்தது. அதில் ஒரே ஒரு வரி: ‘காலை ஒன்பது மணி. லென்ஸ் டெஸ்ட். தேவம்மா. பல் தெரிய.’

2024ஆம் வருடம் ஆஷாடத்தின் இரண்டாவது வியாழக்கிழமை அது. முதல் பாகத்தை எடுத்த அதே பழைய கேமராவைத் தூக்கிக்கொண்டு மஞ்சுநாத் மண்டபத்தின் மொட்டைமாடியில் தண்ணீர்த் தொட்டி மேல் ஏறினார். தேவம்மா தென்னங்கீற்றைப் பிடித்துக்கொண்டு நின்றார். “அக்கா, சிரிங்க” என்றார் மஞ்சுநாத். தேவம்மா பல்லைக் காட்டினார். ஒன்றும் ஆகவில்லை. “சும்மா சிரின்னா எப்படீப்பா சிரிக்கறது? நானென்ன பைத்தியமா?” என்றார் தேவம்மா. கீழே முற்றத்தில் மகேந்திரன் மைக்கைப் பிடித்தார். இங்கே நடப்பது எந்தச் சடங்கும் அல்ல, பல்லின் வெண்மைக்கும் லென்சுக்கும் உள்ள விஞ்ஞானத் தொடர்பைச் சோதிக்கும் நிகழ்ச்சி என்று குழுவினருக்கு அறிவித்தார். அந்த முகத்தின் தீவிரத்தை மேலிருந்து பார்த்த தேவம்மாவுக்குக் களுக்கென்று சிரிப்பு வந்துவிட்டது. வந்த நொடியில் தென்னை உயரத்திலிருந்து மாடி உயரத்துக்கு இறங்கினார், லிஃப்டில் வருவதுபோல.

முற்றத்தில் கைதட்டல் எழுந்தது. மகேந்திரன் கையமர்த்தினார். “யாரும் ஆச்சரியப்பட வேண்டாம். அன்னைக்குக் குடிச்ச இஞ்சி இப்ப வேலை செய்யுது.”

“அதக் குடிச்சு ஏழு வருசம் ஆச்சுங்களே!” என்று தேவம்மா விழுந்து விழுந்து சிரித்தார். ஆள் உயரம்.

சிரிப்பை ஆராய்ந்துகொண்டே பின்னால் நகர்ந்த மகேந்திரன், மதியத்துக்கு ஊறப் போட்டிருந்த அரிசி அண்டாவில் உட்கார்ந்தார். உட்கார்ந்தபடியே மைக்கில் “இதுவும் தற்செயல்” என்றார். ஒரு முழம். அண்டாவிலிருந்து அவரைத் தூக்கப் போன இரண்டு லைட்மேன்களும் உள்ளே விழுந்தார்கள். ஒரு சாண். அதற்குமேல் காரணம் எதுவும் தேவைப்படவில்லை. மண்டபமே சிரித்துக்கொண்டிருந்தது, மஞ்சுநாத்தின் கேமரா குலுங்கியது, தேவம்மா வயிற்றைப் பிடித்துக்கொண்டார். நாலு விரற்கடை. அங்கே வந்ததும் சட்டென்று வாயைப் பொத்திக்கொண்டார்.

“போதும் மஞ்சுநாத்து. நிறுத்து.”

“இன்னும் ஒந்து இருக்கு அக்கா. மொதல் பார்ட்.”

“அது இருக்கட்டும். முட்டிக்கு.”

அரிசி சொட்டச் சொட்ட மகேந்திரன் கிட்டே வந்தார். “அப்ப நீங்க இதையெல்லாம் நம்பறீங்களாம்மா?”

“நான் எங்கீங்க நம்பறேன். முட்டி நம்புது.”

மறுநாள் வெள்ளிக்கிழமை படப்பிடிப்பு இல்லை. மகேந்திரன் அதை லொகேஷன் பார்க்கும் நாள் என்று தாளில் போட்டார். லொகேஷன் சாமுண்டி மலைப்படி. காளிதாஸ் தன் மண்டியிலிருந்து இரண்டு மூட்டை மஞ்சள்பொடி அனுப்பியிருந்தார், பூசணிக்காயைச் சாம்பாரில் போட்ட மாதிரி இதைப் பொங்கலில் போட்டுவிடாதீர்கள் என்ற சீட்டோடு. விடிந்தும் விடியாமலும் தேவம்மா முதல் படிக்குக் குனிந்தார். நாலு விரற்கடை என்பது பெரிய தூரமில்லை, கை எட்டியது. ஒரு கையால் மஞ்சள், மறு கையால் குங்குமம். இருபத்திரண்டு வருடம் படியேறிய ஆள், சட்டி இல்லாமல், வலி இல்லாமல், மிதந்து ஏறினார். தாரணி பின்னால் தட்டோடு வந்தாள். அவளுக்கும் பின்னால் தண்ணீர்க் கேனைத் தூக்கிக்கொண்டு மகேந்திரன். நானூறாவது படியில் அவருக்கு மூச்சு வாங்கியது. நந்தி வந்தபோது உட்கார்ந்தே விட்டார். படியில் கூட்டம் நெருக்கியது. தேவம்மாவின் காலுக்குக் கீழே வெளிச்சம் தெரிவதைப் பார்க்காதவர் யாரும் இல்லை. பக்கத்துப் படியில் குங்குமம் வைத்துக்கொண்டிருந்த நஞ்சன்கூட்டு அம்மா ஒருவர் மட்டும் நிமிர்ந்து, முட்டியை எந்த டாக்டரிடம் காட்டினீர்கள் என்று கன்னடத்தில் கேட்டார். தேவம்மா பின்னால் மூச்சு வாங்கிக்கொண்டிருந்தவரைக் கைகாட்டினார். அந்த அம்மா மகேந்திரனிடம் போய் பீஸ் எவ்வளவு என்று விசாரித்தார்.

பதினோரு மணிக்குக் கடைசிப் படி மஞ்சளானது. தேவம்மா சன்னதியில் நின்று என்ன சொன்னார் என்று தெரியவில்லை. வெளியே வந்ததும் இரண்டு தட்டு மங்களூர் போண்டா சாப்பிட்டார். இறங்கும்போது படிகளைப் பார்த்துக்கொண்டே வந்தார், தான் கட்டிய வீட்டைப் பார்ப்பதுபோல.

‘பசம்மா: முடிவுக்குப் பிறகு’ அதற்கடுத்த வாரம் தொடங்கியது. புதன்கிழமை ஏழாவது பத்திரிகையாளர் சந்திப்பு. மூடநம்பிக்கை ஒரு துளிகூடக் கலக்கவில்லை என்பதை மகேந்திரன் மறுபடியும் சொன்னார். வெள்ளிக்கிழமை சாவுக் காட்சி. இந்த முறை பாடையில் பசம்மாவோடு அவர் புருஷனும். தேவம்மா செத்து முடித்ததும் லென்ஸ் டெஸ்ட் கொடுத்துவிட்டு, உயரம் மாறாமல் சமையல்கட்டுக்குப் போனார். பேய் வேலை வந்தபிறகும் அவர் கரண்டியை வேறு யாரிடமும் கொடுத்ததில்லை. புருஷனாகப் படுக்க வேண்டிய ஜடையன், ஆஷாட வெள்ளியில் பாடையில் படுத்தால் வீட்டில் சேர்க்க மாட்டார்கள் என்று சாமராஜநகரிலிருந்து போன் போட்டுச் சொல்லிவிட்டார். மகேந்திரன் ஜடையனை நினைத்து ஐந்து நிமிடம் சிரித்தார். பிறகு தானே மாலையைப் போட்டுக்கொண்டு, மூக்கில் பஞ்சு வைத்துக்கொண்டு, படுத்தார். ஒரே டேக்கில் ஓகே. கட் சொன்னவரும் அவரே, பிணமாகப் படுத்தபடி. மஞ்சுநாத் விரலைத் தூக்கவில்லை. கேமராவைப் பாடை ஓரத்திலேயே ஸ்டாண்டில் விட்டுவிட்டு எல்லோரும் சாப்பிடப் போனார்கள்.

காலிக் கூடத்தில் மகேந்திரன் கொஞ்ச நேரம் விட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். எழுந்து உட்கார்ந்தார். வாசலைப் பார்த்தார், சமையல்கட்டுப் பக்கம் பார்த்தார். மூக்கிலிருந்த பஞ்சை எடுத்தார். காலைக் கீழே வைக்காமல் எட்டிக் கேமராவின் சிவப்புப் பொத்தானை அழுத்தினார், பின்னால் சாய்ந்து படுத்தார், எழுந்து உட்கார்ந்தார், லென்சைப் பார்த்துச் சிரித்தார். பாடையின் விளிம்பிலிருந்து காலை மெதுவாக இறக்கி, பெருவிரலால் தரையைத் தொட்டுப் பார்த்தார். குளிர்ச்சியாக இருந்தது. இன்னொரு காலையும் வைத்தார்.

தேவம்மா நடந்து வந்தால் சத்தம் கேட்காது. பின்னால் ரச வாளியோடு எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று மகேந்திரனுக்குத் தெரியவில்லை.

“லென்ஸ் டெஸ்ட்மா” என்றார் மகேந்திரன்.

“பாத்தேனுங்க.” தேவம்மா வாளியைக் கீழே வைத்துவிட்டு, கேமராவுக்குப் பின்னால், நாலு விரற்கடை உயரத்தில் வந்து நின்றார். “பல்லு சரியாத் தெரியலீங்க சார். இன்னொருக்கா.”

மகேந்திரன் மறுபடியும் படுத்தார்.